ஹென்றி வீட்டன்

ஹென்றி வீட்டன் (நவம்பர் 27, 1785 - மார்ச் 11, 1848) அமெரிக்க வழக்கறிஞர், தீர்ப்பறிக்கையாளர், அரசதந்திரி, பன்னாட்டுச் சட்ட நூலாசிரியர் ஆவார். 1816 முதல் 1827 வரை ஐக்கிய அமெரிக்க உச்ச நீதிமன்றத்தின் தீர்ப்புகளைத் தொகுத்து வெளியிட்டார். அத்தொகுதிகளின் உரிமை குறித்து அவர் தொடுத்த வீட்டன் எதிர் பீட்டர்சு வழக்கு (1834), அமெரிக்கப் பதிப்புரிமைச் சட்டத்தின் அடிப்படை வழக்குகளுள் ஒன்றாகும்.

இளமை

ரோட் தீவு மாநிலத்தின் பிராவிடன்சு நகரில் பிறந்தார். பின்னாளில் பிரௌன் பல்கலைக்கழகம் எனப் பெயர்பெற்ற கல்லூரியில் 1802 இல் பட்டம் பெற்றார். பிரான்சு நாட்டின் புவாத்தியே நகரில் குடியியல் சட்டம் பயின்றபின் ஊர் திரும்பி வழக்கறிஞராகத் தொழில் செய்தார். 1812 முதல் 1815 வரை நியூயார்க்கில் ஒரு நாளிதழின் ஆசிரியராகவும் இருந்தார். எழுத்தையும் அச்சையும் அறிந்த இப்பழக்கம் அவரது அடுத்த பணிக்குப் பெரிதும் உதவியது எனலாம்.

அறிக்கையாளர் பணி

முன்தீர்ப்புகளைப் பின்பற்றும் பொதுச் சட்ட முறையில், ஒரு தீர்ப்பு நூலாக வெளிவராவிட்டால் பிற வழக்கறிஞர்களுக்கும் கீழ் நீதிமன்றங்களுக்கும் அது இல்லாதது போன்றதே. தீர்ப்பறிக்கையாளர் நீதிபதிகளின் தீர்ப்புரைகளைத் திரட்டிச் சீர்செய்வார். வழக்கின் விவரம், இரு தரப்பு வாதங்கள், தீர்ப்பின் சாரத்தைக் கூறும் தலைக்குறிப்பு ஆகியவற்றையும் சேர்த்து அச்சிடுவார்.

வீட்டனுக்கு முன் இதனைச் செய்த அலெக்சாண்டர் டாலசு, வில்லியம் கிராஞ்சு ஆகியோரின் தொகுதிகள் மிகவும் காலந்தாழ்த்தி வெளிவந்தன. வீட்டன் ஆண்டுக்கு ஒரு தொகுதி வீதம் பன்னிரண்டு தொகுதிகளை வெளியிட்டார். பலவற்றில் விரிவான சட்டக் குறிப்புகளும் இருந்தன. அவற்றுள் சிலவற்றை நீதிபதி ஜோசப் ஸ்டோரி தம் பெயரிடாமல் எழுதிக் கொடுத்தார். மெக்கல்லக் எதிர் மேரிலாந்து (1819), கிப்பன்சு எதிர் ஆக்டன் (1824) போன்ற புகழ்பெற்ற தீர்ப்புகள் இவரது தொகுதிகள் வழியாகவே நாட்டுக்குத் தெரிந்தன.

தொடக்கத்தில் இப்பணிக்கு ஊதியம் இல்லை. நூல் விற்பனையே வருவாய். 1817 இல் காங்கிரசு ஆண்டுக்கு 1000 டாலர் ஊதியம் வகுத்தது. தீர்ப்புகளை ஆறு மாதங்களுக்குள் அச்சிடவேண்டும், 80 படிகளை அரசுச் செயலரிடம் ஒப்படைக்கவேண்டும் என்பன அதன் நிபந்தனைகள். இந்த 80 படிகள் பின்னர் நீதிமன்றத்தில் பேசுபொருளாயின.

வீட்டன் எதிர் பீட்டர்சு

1827 இல் வீட்டன் டென்மார்க்கில் அமெரிக்கத் தூதுப் பொறுப்பாளராக நியமிக்கப்பட்டார். அடுத்து அறிக்கையாளரான ரிச்சர்டு பீட்டர்சு, தமக்கு முந்தையவர்களின் 25 தொகுதிகளையும் ஆறு தொகுதிகளாகச் சுருக்கி வெளியிட்டார். முழுத் தொகுப்பின் விலை ஏறத்தாழ 130 டாலராக இருக்க, சுருக்கப் பதிப்பின் விலை 36 டாலர் மட்டுமே. வீட்டனின் விற்பனை சரிந்தது. அவரும் அவரது பதிப்பாளர் ராபர்ட் டொனால்ட்சனும் 1831 இல் வழக்குத் தொடுத்தனர். கீழ் நீதிமன்றத்தில் தோற்றபின் வழக்கு உச்ச நீதிமன்றத்தை அடைந்தது. அங்கு வீட்டனுக்காக டேனியல் வெப்சுடரும் வாதிட்டார்.

1790 ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டப்படி நூலாசிரியர் தம் நூற்பெயரைப் பதிவு செய்து, அதனை நாளிதழில் நான்கு வாரம் விளம்பரப்படுத்தி, ஆறு மாதத்துக்குள் ஒரு படியை அரசுச் செயலரிடம் சேர்ப்பிக்கவேண்டும். இவை முறையாகச் செய்யப்பட்டனவா என்பதே கேள்வி. அறிக்கையாளர் என்ற முறையில் ஒப்படைத்த 80 படிகள், பதிப்புரிமைக்கான அந்த ஒரு படிக்கு ஈடாகா என்று நீதிமன்றம் கூறியது! வெளியிடப்பட்ட நூலுக்குச் சட்டம் தரும் உரிமையன்றி இயல்பான நிலையுரிமை எதுவும் இல்லை என நீதிபதி மெக்லீன் பெரும்பான்மைத் தீர்ப்பில் எழுதினார். தாம்சன், பால்டுவின் ஆகிய இரு நீதிபதிகள் மாறுபட்டனர். எனினும் நீதிமன்றத்தின் எழுத்துத் தீர்ப்புரைகளில் எந்த அறிக்கையாளருக்கும் பதிப்புரிமை இல்லை என்பதில் அனைவரும் ஒருமித்தனர்.

வீட்டனின் சொந்தக் குறிப்புகள் இவ்விலக்கில் அடங்கா. விதிமுறைகள் நிறைவேற்றப்பட்டனவா என்று ஆராய வழக்கு திருப்பி அனுப்பப்பட்டது. அது முடியுமுன் 1848 இல் வீட்டன், பீட்டர்சு இருவரும் காலமாயினர். இவ்வழக்கின் தீர்ப்பைத் தொகுத்து வெளியிட்டவரும் எதிர்வாதியான பீட்டர்சே என்பது குறிப்பிடத்தக்கது. அது அவரது 8 ஆம் தொகுதியில் உள்ளது.

அறிக்கையாளர் தாமே எழுதிய பகுதிகளுக்குப் பதிப்புரிமை உண்டு என்பது காலகன் எதிர் மையர்சு வழக்கில் (1888) உறுதியானது. 2020 இல் ஜார்ஜியா மாநிலச் சட்டத்தொகுப்பின் விளக்கவுரைகளுக்குப் பதிப்புரிமை இல்லை என்று தீர்ப்பளித்தபோதும் உச்ச நீதிமன்றம் வீட்டன் வழக்கிலிருந்தே தொடங்கியது.

பிற்கால வாழ்வு

1835 இல் பிரசியாவுக்கு மாற்றப்பட்டு 1846 வரை பெர்லினில் தூதராகப் பணிபுரிந்தார். 1836 இல் வெளியான இவரது பன்னாட்டுச் சட்டக் கூறுகள் என்னும் நூல் பல பதிப்புகள் கண்டது. 1864 இல் சீன மொழியிலும் வெளிவந்தது.

உச்ச நீதிமன்றத் தொகுதிகள் 1870களில் தொடர் எண் பெற்றபோது வீட்டனின் பன்னிரண்டும் 14 முதல் 25 வரையான தொகுதிகளாயின. ஆயினும் மெக்கல்லக் வழக்கைக் குறிப்பவர்கள் 17 ஆம் தொகுதி என்பதுடன் வீட்டன் 4 என்றும் சேர்த்தே எழுதுகின்றனர்.