மெய்ப்படக்காரர்கள் – 9: பத்திரிகையில் வெட்டிய படங்கள்

சென்ற வாரம் பார்த்த ஜிகா வெர்டோவுக்குக் கேமராதான் கண். இந்த வாரத்து மனிதர் சாந்தியாகோ அல்வாரெஸ், தன் பெயரை நிலைநிறுத்திய படத்துக்காகக் கேமராவைத் தூக்கிக்கொண்டு சம்பவ இடத்துக்குப் போகவே முடியாதவர்.

1919-ல் ஹவானாவில் பிறந்தார். இளமையில் அமெரிக்கா போய், பென்சில்வேனியாவில் நிலக்கரிச் சுரங்க வேலை பார்த்தார். நியூயார்க்கில் பாத்திரம் கழுவினார். 1959-ல் புரட்சி முடிந்து கியூபத் திரைப்பட நிறுவனம் தொடங்கியபோது அவருக்கு வயது நாற்பது. சினிமா படித்தவரில்லை. மறு ஆண்டே வாராந்தரச் செய்திப்படப் பொறுப்பு அவர் கைக்கு வந்தது. வாராவாரம் தியேட்டருக்கு ரீல் போயாக வேண்டும். அந்த அவசரத்தில்தான் தொழிலைக் கற்றார்.

1965. அமெரிக்காவில் உரிமை கேட்ட கறுப்பின மக்கள்மீது தடியடி, நாய்களையும் ஏவினார்கள். அமெரிக்கத் தடையில் சிக்கிய கியூபாவிலிருந்து அங்கே போய்ப் படமெடுக்க வழியில்லை. அல்வாரெஸ் பத்திரிகைகளில் வந்த புகைப்படங்களை எடுத்துக்கொண்டு எடிட்டிங் மேசையில் உட்கார்ந்தார். 'ஹாவா நாகிலா' என்ற யூதக் கொண்டாட்ட மெட்டில் லீனா ஹார்ன் பாடிய ஒரு பாட்டு கூடவே இருந்தது. 'நவ்' பிறந்தது. ஆறு நிமிடப் படம், வர்ணனை ஒரு வார்த்தை கிடையாது. அசையாத புகைப்படத்தின் மேல் கேமரா பாய்கிறது: தரையில் இழுபடும் உடல், அதைப் பற்றியிருக்கும் போலீஸ் கை. பாட்டு வேகமெடுக்க வேகமெடுக்க வெட்டும் துடிக்கிறது. கடைசியில் இயந்திரத் துப்பாக்கி சுட்ட துளைகளே படத்தின் பெயரை எழுதுகின்றன. எத்தனை முறை பார்த்தாலும் அந்த இடத்தில் எனக்கு மூச்சு அடைக்கிறது.

1967-ல் சே குவேரா கொல்லப்பட்டபோது அஞ்சலிக் கூட்டத்துக்காக 48 மணி நேரத்தில் ஒரு படம் முடித்தார். ஆனால் அவருடைய உச்சம் என்று நான் சொல்வது 1969-ல் வந்த '79 வசந்தங்கள்'. அந்த ஆண்டு 79 வயதில் மறைந்த ஹோ சி மின்னுக்கு அஞ்சலி அது. தொடக்கத்தில் பூக்கள் மெல்ல விரிகின்றன. பிறகு விமானத்திலிருந்து குண்டுகள் விழுகின்றன. அயர்ன் பட்டர்ஃபிளை குழுவின் ராக் இசை துக்க வீட்டில் கேட்கிறது, கொஞ்சமும் உறுத்தவில்லை. முடிவை நெருங்குகையில் போர்க்காட்சி ஓடும் ஃபிலிமே கிழிகிறது, தீப்பிடிக்கிறது. போரைக் காட்டக் காட்சி போதாமல், காட்சியைத் தாங்கும் சுருளையே பலி கொடுத்துவிட்டார்! சோதனை முயற்சி என்ற சொல்லுக்கு எனக்குத் தெரிந்த மிக நேர்மையான பொருள் இதுதான்.

அவர் நடுநிலை பேசியவரில்லை. ஃபிடல்மீது அவருடைய படங்கள் கொண்ட பக்தி எனக்கு நெருடல்தான். ஆனால் அநியாயத்தைக் கண்டு கொதித்த அந்தக் கொதிப்பில் பொய்யில்லை.

1998-ல் ஹவானாவிலேயே காலமானார். 1990 வரை வந்த செய்திப்படங்கள் ஏறக்குறைய 1,490. ஒரு வாரம் ஓடி ஓயவேண்டிய ரீல்கள். அவற்றின் மூலச் சுருள்களை 2009-ல் யுனெஸ்கோ உலக நினைவகப் பதிவேட்டில் சேர்த்தது.

(தொடரும்)