தொழிற்பேட்டை மனிதர்கள் – 9: ஸ்கேன் நார்மல், ஆனால் ஆள்?

போன வாரம் பவர் பிரஸ்ஸில் விரலை இழந்தவர்களைப் பற்றிப் பார்த்தோம். விரல் போனால் கண்ணுக்குத் தெரியும். சூப்பர்வைசர் கேள்வி கேட்கமாட்டார், வீட்டில் யாரும் சந்தேகப்படமாட்டார்கள். இந்த வாரம், வெளியே எதுவுமே தெரியாத ஒரு காயம்.

நைட் ஷிஃப்ட் முடிந்து எம்.டி.எச். ரோட்டில் வண்டியிலிருந்து விழுகிறார் ஒரு லேத் ஆபரேட்டர். தலையில் ஹெல்மெட் இருந்தது. ஆனாலும் ஒரு நிமிடம் எங்கே இருக்கிறோம் என்றே புரியவில்லை. ஆஸ்பத்திரியில் சி.டி. ஸ்கேன் எடுக்கிறார்கள், நார்மல். முழங்கையில் நாலு தையல், மாத்திரை, இரண்டு நாள் லீவு. மூன்றாம் நாள் ஷெட்டுக்கு வருகிறார். மெஷின் சத்தம் மண்டையைப் பிளக்கிறது. டிராயிங்கில் அளவைப் பார்த்துவிட்டு மெஷின் பக்கம் திரும்புவதற்குள் அளவு மறந்துபோகிறது. குனிந்து நிமிர்ந்தால் தலை சுற்றுகிறது. சொன்னால், “ஸ்கேன்தான் நார்மல்னு சொல்லிட்டாங்களே, அப்புறம் என்னப்பா?” என்கிறார்கள். இவரை இன்னார் என்று பெயர் சொல்ல வேண்டியதில்லை. பாடியிலும் மண்ணூர்பேட்டையிலும் திருமுல்லைவாயலிலும் எந்த ஷெட்டிலும் இப்படி ஒருவர் இருக்கலாம்.

இதைத்தான் டாக்டர்கள் கன்கஷன் என்கிறார்கள். ஓடும் பஸ்ஸில் டிரைவர் சடன் பிரேக் போட்டால் பஸ் எதிலும் மோதுவதில்லை, கண்ணாடி ஒன்றுகூட உடைவதில்லை. உள்ளே நிற்பவர்கள்தான் விழுகிறார்கள். மண்டையோட்டுக்குள் மூளைக்கும் அதுவே நடக்கிறது. ஹெல்மெட் எலும்பு உடையாமல் காக்கும், உயிரைக் காக்கும். உள்ளே மூளை குலுங்குவதை முழுதாகத் தடுக்காது. ஸ்கேன் தேடுவது ரத்தக்கசிவையும் எலும்பு முறிவையும். கன்கஷனில் கெடுவது மூளைச் செல்களின் வேலை. குலுக்கலில் செல்களின் ரசாயனச் சமநிலை கலைந்துவிடுகிறது. அதைச் சரிசெய்ய மூளைக்குக் கூடுதல் சக்தி தேவைப்படும் அதே நேரத்தில், அங்கே போகும் ரத்த ஓட்டம் குறைந்துவிடுகிறது. இது எந்த சி.டி. படத்திலும் விழாது. நினைவு தப்பினால்தான் கன்கஷன் என்பதும் தவறு; நினைவு தப்பாமலேயே அது வரும்.

அறிகுறிகள் தாமதமாகவும் வரும். 2019 ஆகஸ்டில் லார்ட்ஸ் கிரிக்கெட் டெஸ்டில் ஜோஃப்ரா ஆர்ச்சர் வீசிய பந்து ஸ்டீவ் ஸ்மித்தின் கழுத்தில் பட்டது. அப்போது அவர் 80 ரன். வெளியே போனார், சோதனைகளில் தேறினார், திரும்பி வந்து 92 வரை ஆடினார். மறுநாள் காலையில்தான் தலைவலியும் மந்தமும். அந்த மாதம் முதல் தேதியிலிருந்துதான் கன்கஷனுக்கு மாற்று ஆட்டக்காரர் என்ற விதியை ஐ.சி.சி. நடைமுறைப்படுத்தியிருந்தது. ஸ்மித்துக்குப் பதிலாக லபுஷேன் இறங்கினார். அடுத்த டெஸ்டிலும் ஸ்மித் ஆடவில்லை. அதற்கடுத்த ஓல்டு டிராஃபோர்டு டெஸ்டில் வந்து 211 அடித்தார்.  உலகத்தின் மிகச் சிறந்த மருத்துவர்கள் பக்கத்திலேயே நின்று சோதித்த ஆளுக்கே மறுநாள்தான் தெரிந்தது என்றால், ஷெட்டில் முதலுதவிப் பெட்டியோடு நிற்கும் சூப்பர்வைசர் அதே நிமிடத்தில் “ஒண்ணுமில்ல” என்று தீர்ப்பு சொல்வது எப்படிச் சரியாகும்?

அதனால் அடிபட்ட முதல் நாள் யாராவது கூடவே இருக்க வேண்டும். திரும்பத் திரும்ப வாந்தி, கூடிக்கொண்டே போகும் தலைவலி, வலிப்பு, பேச்சுக் குழறல், ஒரு பக்கம் கை கால் மரத்துப்போதல், எழுப்ப முடியாத தூக்கம், மூக்கிலோ காதிலோ தெளிந்த நீர் வடிதல் — இவற்றில் ஒன்று வந்தாலும் ஸ்கேன் ஏற்கெனவே எடுத்தாயிற்று என்று காத்திருக்காமல் 108-ஐ அழைக்க வேண்டும். ரத்தம் உறையாமலிருக்க மாத்திரை சாப்பிடுகிறவர்கள், வயதானவர்கள் விஷயத்தில் இரட்டிப்பு கவனம் வேண்டும். தலையில் அடிபட்டவரைத் தூங்கவே விடக்கூடாது என்று நம் பெரியவர்கள் சொல்வார்கள். டாக்டர் பார்த்து அனுப்பிய பிறகு தூக்கம் நல்லதுதான். தேறும் வரை குடி கூடவே கூடாது.

சாலை விபத்தில் சிக்கியவருக்கு முதல் 48 மணி நேரச் சிகிச்சையைத் தமிழக அரசு 2021 டிசம்பரிலிருந்து ‘நம்மைக் காக்கும் 48’ திட்டத்தில் இலவசமாகத் தருகிறது. எத்தனையோ உயிர்களைக் காப்பாற்றும் நல்ல திட்டம். ஆனால் கன்கஷன் வந்தவர் வேலைக்குத் திரும்பும் கதை அந்த 48 மணி நேரம் முடிந்த பிறகுதான் தொடங்குகிறது.

முன்பெல்லாம் இருட்டறையில் வாரக்கணக்கில் படுக்கச் சொன்னார்கள். 2022-ல் ஆம்ஸ்டர்டாமில் கூடிய நிபுணர்களின் முடிவு வேறு. ஒன்றிரண்டு நாள் அளவான ஓய்வு, அந்த நாட்களில் செல்போனைக் குறைத்தல், கூடவே மெதுவான நடை. விளையாட்டு வீரர்களுக்காகச் சொன்னதுதான், ஆனால் அதன் அடிப்படை எல்லாருக்கும் பொருந்தும். ஒரு வேலையைச் செய்யும்போது தலைவலி லேசாகக் கூடி ஒரு மணி நேரத்துக்குள் அடங்கினால் பயமில்லை. அதற்கு மேல் போனால் அன்றைக்கு நிறுத்திவிட்டு, மறுநாள் ஒரு படி கீழே இறங்கித் தொடங்க வேண்டும்.

பட்டறைக்கு இதை எப்படிக் கொண்டுவருவது? முதலில் அரை நாள், பகல் ஷிஃப்ட் மட்டும். கையில் கிடைத்த வேலை என்று பிரஸ்ஸில் உட்கார வைக்காமல் பேக்கிங், கவுண்டிங், இன்ஸ்பெக்‌ஷன் மாதிரி வேலைகள். தகரக் கூரைக்கு அடியில் மே மாத வெயில் கொளுத்தும். காற்றோட்டமான இடமும், நடுவில் கொஞ்சம் உட்காரும் நேரமும் தர வேண்டும். வெல்டிங் வெளிச்சமும் பிரஸ் சத்தமும் தலைவலியைக் கிளப்பும். கை வேகம், கவனம் இரண்டும் திரும்பிவிட்டன என்று டாக்டர் சொன்ன பிறகே லேத், ஃபோர்க்லிஃப்ட், கிரேன், ஏணி. நைட் ஷிஃப்டும் ஓ.டி.யும் கடைசி. கண் இமைக்கும் நேரம் தாமதித்தாலும் பிரஸ் காத்திருக்காது. போன வார விரல் கதைகளில் சில இப்படித் தொடங்கியிருக்கலாம் என்பது என் அச்சம். பூந்தமல்லியிலிருந்து வண்டி ஓட்டி வருகிறவர்கள் டாக்டர் சொல்லும் வரை பஸ்ஸிலோ, யாராவது ஓட்ட பின்னால் உட்கார்ந்தோ வரட்டும். அடிபட்ட ஹெல்மெட்டை மறுபடி போடாதீர்கள். அது ஒரு மோதலுக்குத்தான். எஸ்டேட்டின் ஐ.டி. கட்டடங்களில் வேலை செய்பவர்களுக்கு ஸ்க்ரீன்தான் பிரஸ் மெஷின்: கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு எழுந்துவிட வேண்டும்.

பெண்களுக்கு இன்னொரு ஷிஃப்ட் வீட்டில் இருக்கிறது. கம்பெனியில் அரை நாள் கொடுத்தாலும் வீட்டில் யாரும் அரை நாள் கொடுப்பதில்லை. தண்ணீர் கேனைத் தூக்குவதும், அடுப்பை மறக்காமல் அணைப்பதும், பிள்ளைகள் சத்தமும் அடிபட்ட மூளைக்குப் பாரம்தான். இதைக் கணவனும் மாமியாரும் படிக்க வேண்டும்.

பெரும்பாலானவர்கள் சில வாரங்களில் தேறிவிடுவார்கள். சிலருக்கு மாதக்கணக்காகும். அந்த நாட்களுக்குச் சம்பளம்? மாதம் 21,000 ரூபாய் வரை வாங்குபவர்களுக்கு ஈ.எஸ்.ஐ. உண்டு, கான்ட்ராக்ட் தொழிலாளிக்கும் உண்டு. சாதாரண நோய் என்று பதிவானால் சம்பளத்தில் 70 சதவீதம், ஆண்டுக்கு 91 நாள் வரை. வேலையில் ஏற்பட்ட காயம் என்று பதிவானால் 90 சதவீதம். விபத்து நாள் நீங்கலாக மூன்று நாளாவது வேலை செய்ய முடியாமல் இருந்தால், குணமாகும் வரை. வேலையில் சேர்ந்த முதல் நாளே அடிபட்டாலும் இது உண்டு. 2010-ல் சட்டத்தைத் திருத்தி, வேலைக்குப் போகும் வழியிலும் திரும்பும் வழியிலும் நடக்கும் விபத்தையும் சேர்த்துக்கொண்டார்கள்.

ஆனால் இதில் ஒரு பெரிய ஓட்டை. சம்பளம் வாங்கி வேலை செய்த நாளுக்கு ஈ.எஸ்.ஐ. பணம் கிடையாது. ஒன்று முழு லீவு, இல்லை முழு வேலை. அரை நாள் வேலை, அரை நாள் ஓய்வு என்று மூளை கேட்கும் வைத்தியத்துக்கு ஈ.எஸ்.ஐ. ஃபாரத்தில் இடமே இல்லை. அது முதலாளியின் மனசைப் பொறுத்தது. கிரிக்கெட் மைதானம் 2019-ல் மாறிவிட்டது. தொழிலாளர் சட்டமும் மாற வேண்டும்: படிப்படியாகத் திரும்பும் நாட்களில் குறையும் சம்பளத்தை ஈ.எஸ்.ஐ. ஈடுகட்ட வேண்டும். சங்கங்கள் போனஸ் பேச்சுவார்த்தையோடு இதையும் மேசையில் வைக்க வேண்டும்.

அதுவரை ஒன்று செய்யுங்கள். தலையில் அடிபட்டால், சின்ன அடிதானே என்று விடாமல், அன்றைக்கே கம்பெனி விபத்துப் பதிவேட்டில் எழுதச் சொல்லுங்கள். ஈ.எஸ்.ஐ. டிஸ்பென்சரி டாக்டரிடம், “லேத்தில் நிற்கிறேன், நைட் ஷிஃப்ட் உண்டு” என்று உங்கள் வேலை என்ன என்பதையும் சேர்த்துச் சொல்லுங்கள். ஃபிட்னஸ் சர்டிபிகேட்டில் கையெழுத்துப் போடுகிறவருக்கு அது தெரிந்திருக்க வேண்டும்.

(தொடரும்)