முதுகில் விழுந்த ஐஸ்கிரீம்

பிளேன்டீயைக் குடித்துக்கொண்டே கேள் தம்பி. பேசாத பழைய படத்தைப் போனில் பார்த்து வயிறு வலிக்கச் சிரித்துவிட்டு, "ஒருத்தன் விழுறதுல அப்படி என்ன இருக்கு?" என்கிறாய். பேசாத படங்களில் நடித்த சாப்ளினே 1918இல் ஒரு கட்டுரையில் இதற்குப் பதில் எழுதிவிட்டார்.

1914இல் கீஸ்டோன் கம்பனியில் அவர் நடித்ததெல்லாம் பெரும்பாலும் உதை, தள்ளு, துரத்தல்தான். மூன்று வருஷத்தில் கை தேர்ந்துவிட்டது. 1917இல் வந்த 'தி அட்வெஞ்சரர்' குறும்படத்தில் மேல்மாடத்தில் இருந்து ஐஸ்கிரீம் சாப்பிடுகிறார். அது நழுவிக் காற்சட்டைக்குள் போய்விடுகிறது. பக்கத்திலிருக்கும் பெண்ணுக்குத் தெரியக் கூடாது. முகத்தில் மரியாதை, இடுப்புக்குக் கீழே நெளிச்சல். கடைசியில் அது காற்சட்டை வழியே இறங்கி, கீழே உட்கார்ந்திருக்கும் சீமாட்டியின் முதுகில் விழுகிறது. அந்த அம்மா அலறித் துள்ளுகிறார்.

ஒரே ஐஸ்கிரீமில் இரண்டு சிரிப்பு. அந்தக் குளிர் எப்படிச் சுரீரென்று இருக்கும் என்று பார்க்கிற எல்லோருக்கும் தெரியும். (நோட்டன் பிரிட்ஜ் மழையில் சட்டைக் காலருக்குள் ஒரு சொட்டு இறங்கினால் போதாதா?) பணக்காரரின் பவிசு கலைவதைப் பார்க்க ஜனங்களுக்கு ஆசையும் உண்டு. அதே ஐஸ்கிரீம் வீடு துடைக்கிற ஏழைப் பெண்ணின் மேல் விழுந்திருந்தால் பாவம் என்றுதான் தோன்றும் என்கிறார் சாப்ளின்.

இதை நம் தோட்டத்தில் வைத்துப் பார். கொழுந்துக் கூடையோடு ஒரு அக்கா சறுக்கினால் தூக்கிவிடத்தான் ஓடுவோம். தொரை தொப்பியோடு கானுக்குள் விழட்டும்! லயமெல்லாம் ஒரு மாசத்துக்கு அதே பேச்சு.

பேசாத படங்களில் வரும் அந்த விறுவிறு ஓட்டம் கேமராவின் உபயம். அப்போது கேமராவைக் கையால் சுற்றுவார்கள். மெதுவாகச் சுற்றி எடுத்ததை வேகமாக ஓட்டினால் நடக்கிறவனும் துள்ளுவான். ஆனால் எல்லாமே வித்தை என்று நினைத்துவிடாதே. 1928இல் பஸ்டர் கீட்டன் ஒரு வீட்டின் முன்சுவரை நிஜமாகவே தன் மேல் சாயவிட்டார். திறந்த ஜன்னலுக்கு நேராக, அளந்து வைத்த இடத்தில் நின்றதால்தான் தப்பினார்.

தமிழில் இப்படி உடம்பாலேயே சிரிக்கவைத்தவர் சந்திரபாபு. 1927இல் தூத்துக்குடியில் பிறந்து, சின்ன வயதில் நம் கொழும்பில் வளர்ந்தவர். 'சபாஷ் மீனா'வில் (1958) அவருக்கு இரண்டு வேடம். எனக்கு அந்த ரிக்‌ஷாக்காரன்தான் பிடிக்கும். இன்றைக்கு ராத்திரி போனில் சத்தத்தை நிறுத்திவிட்டு அவனைப் பார்.