டர்போ காருக்கு ஆயில் மாத்துறது: கேன்ல மிச்சம் இருக்கட்டும்

டயர் எபிசோடுக்கு அப்புறம் திரும்பத் திரும்ப ஒரே கேள்வி வந்துகிட்டே இருக்கு. "என்கிட்ட ஒரு லிட்டர் டர்போ பெட்ரோல் ஹேட்ச்பேக் இருக்கு. வருஷத்துக்கு 4,000 கிலோமீட்டர்கூட ஓடுறதில்ல. 10,000 ஆகுற வரைக்கும் ஆயில் மாத்தாம விடலாமா?" விடக்கூடாது. ஏன்னு சொல்றதுக்கு முன்னாடி, ஆயில் மாத்தினதாலயே நான் மாட்டிக்கிட்ட கதையைச் சொல்லிடறேன். என் பயம் அங்கே இருந்துதான் ஆரம்பிச்சது.

என்னோடதும் டர்போ ஹேட்ச்பேக்தான். மூணு சிலிண்டர், ஒரு லிட்டர். செகண்ட் ஹேண்ட்ல வாங்கினது. வாரண்டி முடிஞ்சதால வீட்டுப் பக்கத்துல ஒரு கராஜ்ல சர்வீஸுக்கு விட்டேன். நல்ல மனுஷன், வேலை தெரிஞ்சவர்தான். மூணு நாள் கழிச்சு குடும்பத்தோட மேட்டுப்பாளையத்தில இருந்து கோத்தகிரி ஏறிக்கிட்டு இருக்கோம். ஒரு கொண்டை ஊசி வளைவு தாண்டி ஆக்சிலேட்டரை மிதிக்கிறேன், கண்ணாடியில நீலமா புகை தெரியுது. பின்சீட்ல இருந்து அம்மா, "என்னடா ஏதோ தீயிற வாசம்"ங்கிறாங்க. ஓரங்கட்டி இஞ்சினை நிறுத்தி, பத்து நிமிஷம் விட்டு, ஓரளவு சமமான இடம் பார்த்து டிப்ஸ்டிக்கை எடுத்துத் துடைச்சு விட்டுப் பார்த்தா, மேல் கோட்டுக்கும் மேலே ஒரு விரல்கடை உயரத்துக்கு ஆயில் நிக்குது.

என் இஞ்சினுக்கு ஃபில்டரோட சேர்த்துத் தேவை மூணரை லிட்டரும் சொச்சமும்தான். மேனுவல்லயே போட்டிருக்கு. நான் வாங்கிக் கொடுத்தது மூணரை லிட்டர் கேன் ஒண்ணு, ஒரு லிட்டர் கேன் ஒண்ணு. ரெண்டையும் காலி பண்ணிட்டார். போன்ல கேட்டேன். "தம்பி, கொஞ்சம் சேர்த்து இருந்தா இஞ்சினுக்கு நல்லதுதானே, குறைஞ்சாத்தான் ஆபத்து"ன்னார். பழைய இஞ்சின்கள்ல கை பழகினவங்க நிறையப் பேர் இப்படித்தான் நினைக்கிறாங்க. கெட்ட எண்ணம் ஒண்ணும் கிடையாது. ஆனா டர்போ இருக்கிற இஞ்சின்ல இந்தக் கணக்கு உதைக்கும்.

டர்போன்னா ஒரு தண்டு, அதோட ரெண்டு முனையிலயும் ஒவ்வொரு சக்கரம். சைலன்சர் பக்கம் போற சூடான புகை ஒரு சக்கரத்தைச் சுத்தும். அதே தண்டுல இருக்கிற இன்னொரு சக்கரம் காத்தை அமுக்கி இஞ்சினுக்குள்ள தள்ளும். சின்ன கார் டர்போக்கள்ல அந்தத் தண்டு நிமிஷத்துக்கு 2,00,000 சுற்று வரைக்கும்கூடப் போகும். இஞ்சினே 6,000 சொச்சத்தோட நிறுத்திக்கும், ஒப்பிட்டுப் பாருங்க. பெரும்பாலான கார் டர்போக்கள்ல அந்தத் தண்டுக்கு உருளை பேரிங்கெல்லாம் கிடையாது. ஒரு உலோக வளையம், அதுக்கும் தண்டுக்கும் நடுவுல முடியை விட மெல்லிசா ஒரு ஆயில் படலம். தண்டு அந்தப் படலத்துலதான் மிதக்குது. அதனாலதான் டர்போ கார்ல ஆயிலை ஒரு ஸ்பேர் பார்ட்டாவே நினைக்கணும்னு சொல்றேன். படலம் போச்சுன்னா தண்டு உலோகத்துல உரசும், அதுக்கப்புறம் ரொம்ப நேரம் ஆகாது.

இன்னொரு விஷயம் எனக்குக் கோத்தகிரிக்கு அப்புறம்தான் தெரிஞ்சது. டர்போவுக்குள்ள ஆயில் போறது பம்ப்போட அழுத்தத்துல. திரும்பி வர்றது வெறுமனே வழிஞ்சுதான், கீழே இருக்கிற சம்ப்புக்கு, ஒரு குழாய் வழியா. சம்ப்ல மட்டம் ஏறிப்போச்சுன்னா அந்தக் குழாய்ல ஆயில் இறங்க முடியாம டர்போவுக்குள்ளயே தேங்கும். அங்கே இருக்கிற சீல் நம்ம குக்கர்ல இருக்கிற ரப்பர் மாதிரி இறுக்கமா இருக்காது. அந்தச் சூட்டுல ரப்பர் தாங்காதுன்னு உலோக வளையம்தான் வைப்பாங்க. தேங்கின ஆயில் அதைத் தாண்டிக் காத்துப் பக்கமும் புகைப் பக்கமும் கசியும். எரிஞ்சா நீலப் புகை. தொடர்ந்து எரிஞ்சா கேட்டலிடிக் கன்வெர்ட்டருக்கும் கேடு. இது போதாதுன்னு, மட்டம் ஏறினா கீழே சுத்துற கிராங்க் ஆயிலை அடிச்சு, மோர் கடைஞ்ச மாதிரி நுரைக்க வைக்கும். நுரையில பாதி காத்து. காத்துப் படலம் தண்டைத் தாங்காது.

அன்னிக்கு மெதுவா திரும்பி இறங்கி வந்து, ஒரு பெரிய சிரிஞ்சும் அக்வேரியம் குழாயும் வாங்கி, டிப்ஸ்டிக் ஓட்டை வழியா உறிஞ்சி உறிஞ்சி முக்கால் லிட்டருக்கு மேலே வெளியே எடுத்தேன். புகை நின்னுடுச்சு. டர்போ பிழைச்சுது. மாத்த வேண்டி வந்திருந்தா பில் ஐந்து இலக்கத்துல வந்திருக்கும், கார் வாரக்கணக்குல நின்னிருக்கும். அதுக்கப்புறம் ஆயில் மாத்துறதை நானே செய்யறேன்.

சரி, அந்த 4,000 கிலோமீட்டர் கேள்விக்கு வருவோம். இந்தக் கார்கள் நம்ம ஊர்ல பெருகினதுக்கு வரிக் கணக்கும் ஒரு காரணம். நாலு மீட்டருக்குள்ள நீளம், பெட்ரோல்னா 1,200 சிசிக்குள்ள இருந்தா சின்னக் கார்னு வரி குறைவு. 2020 ஏப்ரல்ல பிஎஸ்-6 வந்தப்ப சின்ன டீசல் கார்கள் பல நின்னு போச்சு. அந்த இழுவையைக் கேட்டவங்களுக்குக் கம்பெனிகள் கொடுத்தது சின்ன டர்போ பெட்ரோல். 2013-ல போலோ ஜிடி டிஎஸ்ஐ, 2017-ல பலேனோ ஆர்எஸ் வந்தப்ப அது ஆர்வக்காரங்க சமாச்சாரம். இப்போ காய்கறி வாங்கப் போறதுக்கும் டர்போதான்.

சிக்கலே அந்தக் காய்கறிக்கடைதான். மூணு கிலோமீட்டர் போய் மூணு கிலோமீட்டர் வந்தா இஞ்சின் முழுசாச் சூடாகாது. இந்த இஞ்சின்கள் பலதுல பெட்ரோல் நேரா சிலிண்டருக்குள்ளயே பீய்ச்சும். குளிர்ந்த சுவர்ல பட்ட பெட்ரோல் கொஞ்சம் எரியாம வழிஞ்சு கீழே ஆயில்ல கலக்கும். நீராவியும் சேரும். நீண்ட ஓட்டத்துல ஆயில் நல்லாச் சூடானா ரெண்டும் ஆவியாப் போயிடும். உள்ளூருக்குள்ளயே ஓடுற கார்ல போக வழியில்லை, ஆயில் தண்ணியாயிட்டே போகும். டிப்ஸ்டிக்ல மட்டம் குறையாம, சில சமயம் கூடிக்கூட இருக்கும். மோந்து பார்த்தா பெட்ரோல் வாடை அடிக்கும். அதனாலதான் மேனுவல்ல "இத்தனை கிலோமீட்டர் அல்லது ஒரு வருஷம், எது முதல்ல வருதோ அது"ன்னு போடறாங்க. அடுத்த பக்கத்துல சின்ன எழுத்துல "கடுமையான பயன்பாடு"ன்னு ஒரு பட்டியல் இருக்கும், படிச்சுப் பாருங்க. குறுகிய தூரம், நெரிசல், புழுதி, மலையேற்றம். நம்ம வாழ்க்கையை உக்காந்து எழுதின மாதிரி இருக்கும். நான் 7,500 கிலோமீட்டர் இல்லைன்னா ஒரு வருஷம்னு வச்சிருக்கேன். கம்பெனி சொல்றதை விடக் குறைவுதான். ஆயில் விலை, டர்போ விலை ரெண்டையும் பக்கத்துல வச்சு எடுத்த முடிவு.

"கறுத்துப் போச்சே, மாத்தணுமா?"ன்னும் கேக்கிறாங்க. நிறத்தைப் பார்த்து முடிவு பண்ணாதீங்க. அழுக்கைத் தன்னோட எடுத்து வச்சுக்கிறது ஆயிலோட வேலை, கறுக்கத்தான் செய்யும்.

எந்த ஆயில்? கேன்ல 5டபிள்யூ-30 மாதிரி எழுதியிருக்கும். டபிள்யூன்னா விண்டர். முதல் எண் குளிர்ல எவ்வளவு சுலபமா ஓடும்னு சொல்லுது, ரெண்டாவது எண் இஞ்சின் சூடான பிறகு எவ்வளவு கெட்டின்னு சொல்லுது. "நம்ம ஊர்ல என்ன விண்டர்? 20டபிள்யூ-50 ஊத்துங்க"ன்னு ஒரு குரல் எப்பவும் வரும். ஓடுற இஞ்சின்ல ஆயில் 100 டிகிரியைத் தொடும். அதோட ஒப்பிட்டா நம்ம காலை 25 டிகிரியும் குளிர்தான். ஸ்டார்ட் பண்ணின உடனே டர்போ வரைக்கும் ஆயில் ஓடிப் போய்ச் சேரணும். ரெண்டாவது எண்ணுக்கு மேனுவல் கொடுத்திருக்கிற வரம்புக்குள்ள நில்லுங்க. சில மேனுவல் சூடான ஊருக்கு ஒண்ணுக்கு மேல தேர்வு கொடுக்கும்.

எண்ணை விட முக்கியமா நான் பார்க்கிறது கேனோட பின்பக்கம் இருக்கிற வட்ட முத்திரை. அதுல ஏபிஐ எஸ்பின்னு இருக்கணும், 2020-ல வந்த தரம். சின்ன டர்போ இஞ்சின்கள்ல ஒரு நோய் உண்டு. குறைஞ்ச சுற்றுல அழுத்தி மிதிச்சா, ஸ்பார்க் வர்றதுக்கு முன்னாடியே சிலிண்டர்ல கலவை பத்திக்கும். டொக்குன்னு ஒரு சத்தம். மோசமா அடிச்சா பிஸ்டனே உடையும். ஆயில்ல சேர்க்கிற கால்சியம் அதிகமா இருந்தா இது கூடுதுன்னு கண்டுபிடிச்சு, எஸ்பி தர ஆயில்ல அதுக்குன்னே சோதனை வச்சாங்க. இது தவிர உங்க கம்பெனி தனியா ஒரு அங்கீகார எண் கேட்டிருந்தா அதுவும் கேன்ல இருக்கணும். நாற்பதுல ஐந்தாவது கியர் போட்டு மிதிக்கிற பழக்கத்துக்கு மட்டும் ஆயில்ல மருந்து கிடையாது.

இப்போ வேலை. சமதரை, ஹேண்ட் பிரேக், பின்சக்கரத்துக்குக் கட்டை. ஜாக்கியை மட்டும் நம்பிக் காருக்கு அடியில போகாதீங்க, ஸ்டாண்டு வச்சுட்டுத்தான் போகணும். ஸ்டாண்டு இல்லைன்னா கராஜுக்கே போய்ப் பக்கத்துல நின்னு பாருங்க, அதுல ஒரு கௌரவக் குறைச்சலும் இல்லை. இஞ்சினை அஞ்சு நிமிஷம் ஓடவிட்டா ஆயில் இளகும், அதுக்கு மேல சூடு வேணாம். இந்த இஞ்சின்கள்ல சைலன்சர் பாகமெல்லாம் ரொம்பப் பக்கத்துல இருக்கும், கை வெந்துரும்.

மேலே ஆயில் மூடியைத் திறந்துட்டு, கீழே ட்ரெயின் நட்டைக் கழட்டி, சொட்டுச் சொட்டா வர்ற வரைக்கும் விடுங்க. நான் இருபது நிமிஷம் விடுவேன், ஒரு காபி நேரம். பழைய ஃபில்டரைக் கழட்டினதும் அதோட ரப்பர் வளையமும் கூடவே வந்துருச்சான்னு பாருங்க. அது இஞ்சின்லயே ஒட்டிக்கிட்டு, மேலே புதுசையும் மாட்டினா மொத்த ஆயிலும் ரோட்டுல கொட்டும். புது வளையத்துல கொஞ்சம் ஆயில் தடவி, கையால இறுக்கினா பெரும்பாலும் போதும். ட்ரெயின் நட்டுக்குப் புது வாஷர் போடுங்க. நிறைய கார்ல சம்ப் அலுமினியம். பலத்தைக் காட்டினா மரை போயிரும்.

ஊத்துறப்பதான் நிதானம் வேணும். மேனுவல்ல இருக்கிற அளவுல அரை லிட்டர் குறைச்சு ஊத்துங்க. ஸ்டார்ட் பண்ணி ஒரு நிமிஷம் சும்மா ஓடட்டும், ஆக்சிலேட்டரைத் தொடவே கூடாது. ஃபில்டர் நிரம்பி, டர்போவுக்கு ஆயில் ஏறுற வரைக்கும் அந்தத் தண்டுல பழைய ஈரம் மட்டும்தான் இருக்கும். ஆயில் விளக்கு அணையுதா, கீழே ஒழுகுதான்னு பார்த்துட்டு நிறுத்துங்க. பத்து நிமிஷம் கழிச்சு, கார் நாலு சக்கரத்துலயும் சமமா நிக்கும்போது டிப்ஸ்டிக் பாருங்க. அப்புறம் 100 மில்லி, 100 மில்லியா சேருங்க. ரெண்டு கோட்டுக்கும் நடுவுல முக்கால் உயரம் வந்ததும் நான் நிறுத்திடுவேன். கேன்ல மிச்சம் இருக்கட்டும், டிக்கியில கிடக்கட்டும். வெளியே சர்வீஸ் விட்டாலும் பணம் கொடுக்கறதுக்கு முன்னாடி, "அண்ணா, ஒரு தடவை டிப்ஸ்டிக் எடுத்துக் காட்டுங்க"ன்னு கேளுங்க. கோவிச்சுக்க மாட்டாங்க.

கடைசியா அந்தப் பழைய ஆயில். எங்க தாத்தா தோட்டத்துல வேலிக் கம்பத்துக்குக் கரையான் வராம இருக்க இதைத்தான் பூசுவார். நானும் ஒரு தடவை செஞ்சேன். இப்போ செய்யறதில்லை. உள்ளே என்னென்ன உலோகப் பொடி கலந்திருக்கோ, மண்ணுல இறங்கினா கிணத்துக்குத்தான் போகும். காலி கேன்லயே திருப்பி ஊத்தி மூடி, அதே கராஜ்ல கொடுத்துடறேன். பழைய ஆயில் எடுக்கிறவங்க அங்கே வந்து டிரம்மோட தூக்கிட்டுப் போறாங்க. முதல் தடவை கொண்டுபோனப்ப அந்த அண்ணன் கேனைத் தூக்கிப் பார்த்துட்டு, "இந்தத் தடவை எவ்வளவு ஊத்தினே தம்பி?"ன்னு கேட்டார். சொன்னேன். தலையாட்டிட்டு வாங்கி வச்சுக்கிட்டார்.

அடுத்த எபிசோட்ல கூலன்ட் பத்திப் பேசுவோம். ரேடியேட்டர்ல குழாய்த் தண்ணி ஊத்துறவங்க கட்டாயம் வந்துடுங்க.