காரணம் தெரியாத பக்கவாதம்: எந்தத் 'தெரியாது'?

திருச்சியில பக்கவாதம் வந்தவர் வீட்டுக்கு விசாரிக்கப் போனா, காபி வர்றதுக்குள்ள நாலு காரணம் கிடைச்சிடும். மார்கழிப் பனியில கொள்ளிடத்துல குளிச்சது, ஏ.சி. காத்து, பொண்ணு கல்யாணக் கவலை, கண் பட்டது. டிஸ்சார்ஜ் சம்மரியில மட்டும் 'கிரிப்டோஜெனிக்' என்று இருக்கும். மூலம் மறைந்திருப்பது என்று அதற்குப் பொருள். நம்ம பெயர் அப்படி இல்லை. 'பக்கவாதம்' என்னும்போதே வாதம்தான் காரணம் என்று சொல்லிவிடுகிறது!

அந்த ஒரு சொல்லைப் பார்த்ததும் சில வீடுகளில் "காரணமே தெரியலைங்கறாங்க, அப்புறம் எதுக்கு இத்தனை மாத்திரை?" என்று மூணாம் மாசமே நிறுத்திவிடுகிறார்கள். வேறு சிலர் கடன் வாங்கி ஊர் ஊராகப் போய் டெஸ்ட் எடுக்கிறார்கள். நான் மருத்துவர் இல்லை. படித்ததை வைத்து, அந்தச் சொல்லுக்குள் என்ன இருக்கிறது என்று எழுதிப் பார்க்கிறேன்.

இங்கே பேசுவது மூளை ரத்தக்குழாய் வெடிப்பதைப் பற்றி இல்லை, அடைபடுவதைப் பற்றி. அடைப்பு எங்கிருந்து வந்தது என்று பிரிக்க 1993-ல் வந்த 'டோஸ்ட்' என்ற முறை இன்றும் புழக்கத்தில் இருக்கிறது (ரொட்டி இல்லை, ஒரு மருந்து ஆய்வின் சுருக்கப் பெயர்). பெரிய ரத்தக்குழாயில் கொழுப்புப் படிவு, இதயத்திலிருந்து கிளம்பிய ரத்தக்கட்டி, நுண்குழாய் அடைப்பு, வேறு அரிதான காரணங்கள் என்று நாலு பெட்டி. அஞ்சாவது, 'தீர்மானிக்க முடியாதது'. அடைப்பு வகைப் பக்கவாதங்களில் சுமார் நாலில் ஒன்று இதில்தான் விழுகிறது.

சூட்சுமம் அந்த அஞ்சாவது பெட்டிக்குள்ளதான். அதில் மூணு விதமான ஆட்கள் இருக்கிறார்கள். எல்லாம் தேடியும் எதுவும் கிடைக்காதவர், ரெண்டு காரணம் கிடைத்து, எது என்று சொல்ல முடியாதவர், தேடலே முடியாதவர். மூணு பேருக்கும் சம்மரியில ஒரே வார்த்தை வரலாம். அதனால டாக்டரிடம் கேட்க வேண்டிய கேள்வி, "எங்க அப்பாவுக்கு இதில் எது?"

தேடல் முடியாதது நாம நினைப்பதைவிட அதிகம். தில்லைநகரில் எடுத்த கழுத்து டாப்ளர் 'நார்மல்' என்று வந்தால் நிம்மதியாகிவிடுகிறோம். ஆனால் டாப்ளர் கழுத்தைத்தான் பார்க்கும். மண்டைக்குள் இருக்கும் குழாய்கள் சுருங்குவது வெள்ளைக்காரர்களைவிட நம் போன்ற ஆசியர்களுக்கு அதிகம். அதைப் பார்க்க சி.டி. அல்லது எம்.ஆர். ஆஞ்சியோகிராம் வேண்டும்.

தேடினால் என்ன ஆகும் என்பதற்கு நம்ம பக்கத்திலேயே உதாரணம் இருக்கிறது. மதுரை நரம்பியல் மருத்துவர் கே. சீனிவாசன் 1983-ல் ஒரு கட்டுரை வெளியிட்டார். கர்ப்ப காலத்திலும் பிரசவத்துக்குப் பிறகும் மூளையின் சிரைகளிலோ தமனிகளிலோ ரத்தம் உறைந்த 135 பெண்களைப் பற்றியது. பிரசவத்தை ஒட்டி ரத்தம் இயல்பாகவே சீக்கிரம் உறையும். "பிள்ளை பெத்தவளுக்குத் தண்ணி குடுக்காதே" என்ற பழக்கமும் சேர்ந்தால் இன்னும் மோசம். சிரை அடைப்பு சாதாரண சி.டி.யில் தெரியாமலே போகலாம். சிரைகளைத் தனியாகப் படம் எடுத்துப் பார்க்க வேண்டும். வைத்தியமும் வேறு. ஆஸ்பிரின் போதாது, ஹெப்பாரின் போன்ற உறைவெதிர் மருந்து வேண்டும்.

வயதானவர்களிடம் முக்கியமாகச் சந்தேகப்பட வேண்டியது, வந்து வந்து போகும் இதயத் துடிப்புத் தாறுமாறு. ஈ.சி.ஜி. எடுக்கிற பத்து விநாடியில் அது வரணும் என்று என்ன கட்டாயம்? 2014-ல் வெளியான கிரிஸ்டல் ஏ.எஃப். ஆய்வில், மார்புத் தோலுக்கடியில் சின்ன பதிவுக் கருவியை வைத்து ஒரு வருஷம் கவனித்தவர்களில் 12.4 சதவீதத்தினரிடம் இது பிடிபட்டது. வழக்கமான பரிசோதனையில் 2 சதவீதம்தான். கருவி விலை அதிகம், எல்லோராலும் முடியாது. 24 மணி நேர ஹோல்டரை இன்னொரு தடவை, இன்னும் நீண்ட நாளுக்கு வைக்கலாமா என்று கேட்கலாம். நாடி தாறுமாறாக ஓடுகிறதா என்று வீட்டில் விரல் வைத்துப் பார்க்கவும் கற்றுக்கொள்ளலாம். சந்தேகம் இருந்தால் உடனே ஈ.சி.ஜி.

கிடைத்ததெல்லாம் காரணமும் இல்லை. இதய மேலறைகளுக்கு நடுவே பிறவியிலிருந்து மூடாத சிறு துளை நாலு பேரில் ஒருவருக்கு உண்டு. 60 வயதுக்குள், வேறு காரணம் எதுவும் இல்லாதவருக்கு அதை அடைப்பது பலன் தரும் என்று 2017-ல் வந்த ஆய்வுகள் காட்டின. எழுபது வயதுக்காரருக்கு அது பெரும்பாலும் தற்செயல். ஸ்ரீரங்கத்து மரக்கறி வீடுகளில் பி12 குறைவதும் அப்படித்தான். குறைந்தால் ஹோமோசிஸ்டீன் ஏறும், சரிசெய்ய வேண்டியதுதான். ஆனா "பி12-தான் காரணம்" என்று தேடலை அங்கேயே நிறுத்துவது அவசரம்.

சரி, எதுவுமே கிடைக்கலை. பேசாம எல்லோருக்கும் பலமான உறைவெதிர் மருந்து கொடுத்துட்டா? அதையும் செய்து பார்த்துவிட்டார்கள். 2018-ல் வெளியான நேவிகேட் ஆய்வில், எங்கிருந்தோ வந்த கட்டி என்று கருதப்பட்ட 7,213 பேரில் பாதிப் பேருக்கு ரிவரோக்சபான், மீதிப் பேருக்கு ஆஸ்பிரின். மறுபடி பக்கவாதம் வருவது குறையவில்லை, ரத்தக்கசிவுதான் கூடியது. அதனால்தான் இவர்களுக்குப் பொதுவாக ஆஸ்பிரின் அல்லது குளோபிடோக்ரெல், கூடவே ஸ்டாட்டின், ரத்த அழுத்தம் 130/80-க்குக் கீழே, சர்க்கரைக் கட்டுப்பாடு, புகையிலைக்கு முழுக்கு. பார்க்க ரொம்பச் சாதாரணமான பட்டியல். காரணத்தின் பெயர் தெரியாமலே அடுத்த அடைப்பின் வாய்ப்பைக் குறைப்பது இதுதான். அழுத்த, சர்க்கரை மாத்திரைகளை 2021 ஆகஸ்டில் தொடங்கிய மக்களைத் தேடி மருத்துவம் திட்டத்தில் வீட்டுக்கே கொண்டுவந்து தருகிறார்கள்.

ஒருவேளை மறுபடி வந்தால் அந்த நிமிஷத்தில் காரணம் தேவையே இல்லை. வாய் கோணுது, ஒரு கை தூக்க முடியலை, பேச்சு குழறுதுன்னா 108. சி.டி.யில் ரத்தக்கசிவு இல்லை என்று தெரிந்தால், தகுதியுள்ளவர்களுக்குக் கட்டியைக் கரைக்கும் ஊசியை நாலரை மணி நேரத்துக்குள் போடலாம். பெரிய குழாய் அடைப்பாக இருந்தால், தேர்ந்தெடுத்த சிலருக்கு 24 மணி நேரம் வரைகூடக் கட்டியை உருவி எடுக்க முடியும். ஸ்ரீரங்கத்திலிருந்து காவிரிப் பாலம் தாண்டி புத்தூர் பெரியாஸ்பத்திரி வரைக்குமான நேரமும் இந்தக் கணக்கில்தான் வரும். கடைசியாக அவர் நன்றாக இருந்ததை யார், எத்தனை மணிக்குப் பார்த்தார்கள் என்று குறித்து வையுங்கள். தூக்கத்தில் வந்திருந்தால், கணக்கு கண் விழித்த நேரத்திலிருந்து இல்லை, ராத்திரி படுக்கப் போன நேரத்திலிருந்து.