திப்பு கடைசியாக நடந்த வழி

மைசூருக்குப் பக்கத்தில், சுற்றுலா பஸ்கள் எட்டிப்பார்க்காத ஸ்ரீரங்கப்பட்டணத்தின் வடக்குக் கோட்டைச்சுவர் மீது ஒரு காலைநேர நடை

மைசூர் ஒரு நாள் சுற்றுலாவில் ஸ்ரீரங்கப்பட்டணத்துக்குக் கிடைப்பது அதிகம் போனால் இரண்டு மணி நேரம். ரங்கநாதர் தரிசனம், தரியா தௌலத் மாளிகை, திப்பு சுல்தானின் சமாதியான கும்பஸ். அவ்வளவுதான். அரண்மனை, மிருகக்காட்சி சாலை, சாமுண்டி மலை, பிருந்தாவன் தோட்டத்து விளக்குகள் எல்லாம் பாக்கி இருக்கும்போது டிரைவர் ஹாரன் அடிக்காமல் என்ன செய்வார்? பஸ் கிளம்பும்போது பயணிகளில் பெரும்பாலோர், தாங்கள் இவ்வளவு நேரம் ஒரு கோட்டைக்குள் இருந்ததையே கவனித்திருக்க மாட்டார்கள்.

அதில் அவர்கள் குற்றம் ஒன்றுமில்லை. காவிரி இரண்டாகப் பிரிந்து உண்டாக்கிய இந்தத் தீவு சுமார் ஐந்து கிலோமீட்டர் நீளம். அதன் மேற்கு முனையில் கோட்டை. பஸ் நுழையும் வாசலில் சுவர் இடிந்து வழி விட்டிருக்கிறது. உள்ளே வீடுகள், கடைகள், பள்ளிக்கூடம், தேங்காய் மண்டி என்று ஒரு சாதாரண தாலுகா ஊர். கோட்டையைக் கோட்டையாகப் பார்க்க வேண்டுமானால் வடக்குச் சுவரின் மேல் ஏறி, ஆற்றை ஒட்டி நடக்க வேண்டும். மைசூரிலிருந்து நடைப்பயணமும் சைக்கிள் பயணமும் அழைத்துப்போகும் சிறு குழுக்கள் இருக்கின்றன. ஆனால் அவர்களில் பலரும் மாளிகை, சமாதி, சங்கமம் என்ற கிழக்குப் பக்கத்தையே விரும்புவார்கள். சுவர் வழியாகத்தான் போக வேண்டும் என்று முதலிலேயே கேட்டுக்கொள்வது நல்லது. தனியாகப் போகிறவர்களுக்கு வழி தவறும். முள் புதர், சரிந்த செங்கல், நடுவில் யாருடைய கொல்லைப்புறமோ குறுக்கிடும். இந்த இடங்களில் எந்தப் பக்கம் இறங்கி எங்கே மறுபடி ஏறுவது என்பது உள்ளூர்க்காரருக்குத்தான் தெரியும்.

தொடங்க ஏற்ற இடம் ரயில் நிலையம். மைசூரிலிருந்து சுமார் 15 கிலோமீட்டர், அரை மணிக்குள் வந்துவிடலாம். இந்த ஊரின் ரயில் நிலையம் கோட்டைக்குள்ளேயே இருக்கிறது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் பெங்களூர் - மைசூர் பாதை போட்டவர்கள் கோட்டையைச் சுற்றிப் போகும் சிரமத்தை மேற்கொள்ளவில்லை. சுவரை வெட்டி உள்ளே புகுந்து மறுபக்கம் வெளியேறிவிட்டார்கள். இருபத்தொன்றாம் நூற்றாண்டில் பாதை இரட்டிப்பானபோது திப்பு காலத்து வெடிமருந்துக் கிடங்கு ஒன்று குறுக்கே நின்றது. நல்ல வேளையாக, இந்த முறை இடிக்கவில்லை. சுமார் 1,000 டன் எடையுள்ள அந்தச் செங்கல் கட்டடத்தை 2017ல் அடியோடு பெயர்த்து, ஜாக்கிகள் மேல் தூக்கி, நூறு மீட்டருக்கும் அதிகமான தூரம் நகர்த்தி வைத்தார்கள். இதற்காக அமெரிக்காவிலிருந்து கட்டடம் நகர்த்தும் நிபுணர்கள் வந்தார்கள். பாதி பூமிக்குள் புதைந்ததுபோல் கட்டப்பட்ட இத்தகைய கிடங்குகள் ஊருக்குள் இன்னும் சில இருக்கின்றன.

நிலையத்திலிருந்து மேற்கே நடந்தால் கோட்டையின் மூலை. 1907ல் மைசூர் அரசு நட்ட ஒரு கல் தூண் நிற்கிறது. 1799 முற்றுகையில் செத்த ஆங்கிலத் தரப்பு அதிகாரிகள், சிப்பாய்களின் நினைவுக்காக. தூணைவிட முக்கியம், அது நிற்கும் இடம். இங்கேதான் சுவர் உடைந்தது.

கீழே ஆறு. கோடையில் பாறையும் மணலும் முட்டளவு தண்ணீரும். அந்த வருடம் பிப்ரவரியில் வேலூரிலிருந்து ஜெனரல் ஹாரிஸ் தலைமையில் கிளம்பிய படையும், நிஜாமின் படையும், கண்ணூரிலிருந்து குடகு வழியாக வந்த பம்பாய்ப் படையும் சேர்ந்து சுமார் 50,000 பேர். ஏப்ரல் முதல் வாரத்தில் வந்து முகாமிட்டவர்களுக்கு அவகாசம் மிகக் குறைவு. ஜூனில் தென்மேற்குப் பருவமழை இறங்கிவிட்டால் காவிரியைக் கடக்க முடியாது. அரிசி வேறு தீர்ந்துகொண்டிருந்தது. திப்புவின் கணக்கும் அதுதான். மழை வரும் வரை தாக்குப்பிடித்தால் போதும். 1792ல் கார்ன்வாலிஸ் இதே தீவை முற்றுகையிட்டபோது பாதி ராஜ்யத்தையும் 3 கோடியே 30 லட்ச ரூபாயையும் கொடுத்து, தன் இரண்டு பிள்ளைகளைப் பணயமாகச் சென்னைக்கு அனுப்பிச் சமாதானம் செய்துகொண்டவர் அவர். இரண்டாம் முறை கொடுக்க அதிகம் மிச்சமில்லை.

மே 4ஆம் தேதி பகல் ஒரு மணி வாக்கில் நாலாயிரத்துக்கும் அதிகமானவர்கள் எதிர்க்கரையிலிருந்து எழுந்து ஆற்றுப்படுகையில் ஓடினார்கள். ஏறத்தாழ 250 மீட்டர். தூணின் அடியில் நின்று எதிர்க்கரையைப் பார்த்தால் அந்தத் தூரம் பயமுறுத்துகிறது. ஒளிந்துகொள்ள ஒரு மரம்கூட இல்லாத வெட்டவெளி. ஆனாலும் சில நிமிடங்களில் இடிபாட்டின் மேல் கொடி ஏறிவிட்டது. ஓடியவர்களில் கணிசமானோர் சென்னை ராணுவத்தின் சிப்பாய்கள். வேலூரிலிருந்து நடந்தே வந்த தமிழரும் தெலுங்கரும் அதில் உண்டு. தூண் அருகே கைடுகள் ஜெனரல்களின் பெயர்களைத்தான் சொல்வார்கள்.

மேலே ஏறியதும் படை இரண்டாகப் பிரிந்தது. ஒன்று தெற்குச் சுவர் மீது, ஒன்று வடக்குச் சுவர் மீது. நம் பாதை வடக்கே போனவர்களுடையது. அதே பாதையில், எதிர்த் திசையிலிருந்து திப்பு வந்துகொண்டிருந்தார்.

அன்று மதிய உணவுக்கு அவர் உட்கார்ந்த இடம் அரண்மனை இல்லை, வடக்குச் சுவரை ஒட்டிய ஒரு மண்டபம். சாப்பாட்டின் நடுவில் செய்தி வந்தது. எழுந்து சுவர் வழியாக உடைப்பை நோக்கி நடந்தார். ஓடிவரும் தன் வீரர்களை நிறுத்திப் பார்த்தார். துப்பாக்கிகளை வாங்கித் தாமே சுட்டார். முடியவில்லை. படிப்படியாக, ஒவ்வொரு தடுப்பாக, வந்த வழியே பின்வாங்கினார். உடைப்பிலிருந்து அவர் விழுந்த இடம் வரை ஏறத்தாழ ஒரு கிலோமீட்டர்தான். மெதுவாக நடந்தால் இருபது நிமிடம். புத்தகத்தில் ஒரு வரியாகக் கடந்துபோகும் இந்தப் பின்வாங்கல், சுவர் மீது நடக்கும்போதுதான் எவ்வளவு நீண்டது என்று புரிகிறது. இடது கைப்பக்கம் ஆறு, வலது கைப்பக்கம் ரங்கநாதர் கோபுரம். நடக்க இருப்பது சுவரின் அகலம் மட்டுமே.

இன்னொன்றும் புரிகிறது. இது ஒரு சுவர் கிடையாது. வெளிச்சுவர், அதற்குள் அகழி, அதற்கும் உள்ளே இன்னொரு சுவர். உடைப்பில் ஏறியவர்கள் தண்ணீர் நிறைந்த உள் அகழியைப் பார்த்துத் திகைத்தார்கள். ஒரு பிரிவு குறுகலான கடவு ஒன்றைக் கண்டுபிடித்து உள்சுவரில் ஏறிவிட்டது. அதன்பின் வெளிச்சுவரில் நின்ற திப்புவின் ஆட்களுக்கு முன்னாலும் குண்டு, பக்கவாட்டிலும் குண்டு. இன்று அந்த அகழியில் சில இடங்களில் பயிர், சில இடங்களில் புதர், சில இடங்களில் ஊர்க் குப்பை. மழைக்காலத்தில் சுவர் அங்கங்கே சரிவதும் நடக்கிறது. ஸ்ரீரங்கப்பட்டணத்தின் நினைவுச்சின்னங்கள் 2014ல் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியச் சின்னங்களுக்கான தற்காலிகப் பட்டியலில் சேர்ந்தன. மாளிகைக்கும் சமாதிக்கும் தோட்டக்காரர் இருக்கிறார். யாரும் நடக்காத சுவருக்கு யார் இருக்கிறார்கள்?

பாதி வழியில் பெய்லி பாதாளச் சிறை. மேலிருந்து பார்த்தால் எதுவும் தெரியாது; படி இறங்கினால் வெள்ளையடித்த வளைவுக் கூரைகள், சுமார் 30 மீட்டர் நீளம், சுவரோரம் கைதிகளின் கைகளைச் சங்கிலியால் பிணைக்க ஓட்டையிட்ட கற்பலகைகள். நடுவில் ஒரு பீரங்கி கிடக்கிறது. மேலே கொத்தளத்தில் இருந்தது, போரின்போது கூரையைத் துளைத்துக்கொண்டு விழுந்ததாம். சிறையின் பெயர் கர்னல் வில்லியம் பெய்லியுடையது. காஞ்சிபுரம் அருகே புள்ளலூரில் 1780 செப்டம்பர் 10 அன்று ஹைதர், திப்பு படைகளிடம் சிக்கியவர். 1782ல் இங்கே கைதியாகவே செத்தார். அவருடன் சிக்கிய இளம் அதிகாரி டேவிட் பேர்ட், மூன்றரை ஆண்டுகளுக்கு மேல் இந்த ஊரில் அடைபட்டிருந்து 1784ல் விடுதலையானார். மே 4 அன்று உடைப்பில் தாக்குதலுக்குத் தலைமை வகித்தவர் அதே பேர்ட். சினிமாவில் வந்திருந்தால் நம்பியிருக்க மாட்டோம்.

சிறையைத் தாண்டிச் சிறிது தூரத்தில் சுவரைக் குடைந்து ஆற்றுக்குப் போகும் ஒரு திட்டிவாசல். தண்ணீர் வாசல் என்கிறார்கள். திப்புவின் கடைசிச் சண்டை இந்தப் பகுதியில். குதிரை அடிபட்டு, தானும் அடிபட்டு, செத்தவர்களின் குவியலுக்கு அடியில் கிடந்தவரை அன்றிரவு தீவட்டி வெளிச்சத்தில் தேடி எடுத்தார்கள். தேடியவர்களில் பேர்டும் ஒருவர். இப்போது ஒரு சிறு அடைப்புக்குள் ஒரு கல். திப்பு சுல்தானின் உடல் இங்கே கிடைத்தது என்று எழுதியிருக்கிறது. அடுத்த நாள் முழு ராணுவ மரியாதையுடன், தந்தை ஹைதரின் பக்கத்தில் அடக்கம் செய்தார்கள்.

இந்தக் கல்லுக்கு முன்னால்தான் கைடின் சரக்கு என்ன என்று தெரிந்துவிடும். ஒருவர் மைசூர்ப் புலியைப் பற்றிக் கண் கலங்கப் பேசுவார். இன்னொருவர் குடகிலும் மலபாரிலும் அவர் செய்த கொடுமைகளிலேயே நிற்பார். 2015ல் மாநில அரசு கொண்டாடத் தொடங்கிய திப்பு ஜயந்தி 2019ல் நிறுத்தப்பட்டது. மைசூர் - பெங்களூர் திப்பு எக்ஸ்பிரஸ் 2022ல் உடையார் எக்ஸ்பிரஸ் ஆனது. கைடுகளும் காற்று வீசும் பக்கம் பார்த்துத்தான் பேசுகிறார்கள். இரண்டு தரப்புமே ஒத்துப்போகும் ஒரே பெயர் மீர் சாதிக். உடைப்பில் காவல் இருந்தவர்களைச் சம்பளம் வாங்க வரச்சொல்லி விலக்கினார் என்பது பரம்பரைக் கதை. அன்றே திப்புவின் ஆட்கள் கையாலேயே செத்தார். துரோகம் நடந்திருக்கலாம். ஆனால் சுவர் மேல் நின்று பார்த்தவர்களுக்கு, வற்றிய ஆறும் உடைந்த மூலையும் ஒன்றும் சாதாரணக் காரணங்களாகத் தோன்றாது.

கல்லிலிருந்து தெற்கே திரும்பினால் ரங்கநாதர் கோயில். 9ஆம் நூற்றாண்டில் கங்கர் காலத்தில் தொடங்கியது. நம் திருச்சி ஸ்ரீரங்கத்தவருக்கு அண்ணன்; காவிரி முதலில் வணங்குவது இவரைத்தான் என்பதால் ஆதிரங்கர். திப்பு கொடுத்த வெள்ளிப் பாத்திரங்கள் இங்கே உண்டு. கோயிலுக்கு அருகே மேடுபள்ளமாக ஒரு வெற்றிடம். திப்புவின் அரண்மனை லால் மஹல் இருந்த இடம், அடித்தளம்தான் மிச்சம். மைசூர்க் கோட்டையை இடித்து அந்தக் கல்லைக்கொண்டு வேறிடத்தில் கட்டியவர் திப்பு. அவருக்குப்பின் தலைநகரமே மைசூருக்குத் திரும்பிப்போனது. 1610ல் ராஜ உடையார் இந்தத் தீவில் தொடங்கிய தசராவும் கூடவே போனது.

சுவர் நடை இங்கே முடிகிறது. தெம்பு இருப்பவர்கள் ஜும்மா மசூதியின் இரட்டை மினார்களைக் கடந்து கிழக்கே தரியா தௌலத்துக்கு நடக்கலாம். 1784ல் கட்டிய கோடை மாளிகை. மேற்குச் சுவரில் புள்ளலூர்ப் போர் முழு நீள ஓவியமாக இருக்கிறது: சதுர வியூகத்தில் சிக்கிய சிவப்புச் சட்டைகள், நடுவில் பல்லக்கில் பெய்லி, வெடித்துச் சிதறும் மருந்து வண்டி. சிறையையும் உடைப்பையும் பார்த்துவிட்டு வருபவருக்கு இந்த ஓவியம் ஒன்றாகவும், பஸ்ஸிலிருந்து இறங்கியவருக்கு வேறாகவும் தெரியும். இதே மாளிகையில் அடுத்த சொந்தக்காரராகக் குடியேறியவர் ஆர்தர் வெல்லெஸ்லி, பின்னாளில் நெப்போலியனை வென்ற வெலிங்டன் பிரபு. திப்புவின் பிள்ளைகளும் பெண்டிரும் வேலூர்க் கோட்டைக்குப் போனார்கள். 1806 ஜூலை 10 சிப்பாய்க் கிளர்ச்சிக்குப் பிறகு அங்கிருந்து கல்கத்தாவுக்கு.

நடக்க நல்ல மாதங்கள் நவம்பர் முதல் பிப்ரவரி வரை. காலை ஏழு மணிக்குத் தொடங்கினால் வெயிலுக்கு முன் சுவரை முடித்துவிடலாம். கெட்டிக் காலணி அவசியம், பாம்பு உண்டு. மழைக்காலத்தில் மேலே கிருஷ்ணராஜ சாகர் அணை திறந்தால், திவான் பூர்ணையா 1804ல் கல் தூண்கள் மேல் கட்டிய வெல்லெஸ்லி பாலம் நீருக்குள் போய்விடும். 2023ல் திறந்த புதிய நெடுஞ்சாலை ஊரைத் தொடாமல் விலகிப் போகிறது. காரில் வருபவர்கள் இறங்கு சாலையைக் கவனிக்காவிட்டால் நேராக மைசூர்தான்.

திரும்பும்போது பழைய நெடுஞ்சாலைப் பக்கம், தென் காவிரிக் கரையில் உள்ள கல்லறைத் தோட்டத்தை விட்டுவிடக் கூடாது. சுமார் 300 பேர் இங்கே புதைந்திருக்கிறார்கள். அவர்களில் த மெரோன் படைப்பிரிவின் சுவிட்சர்லாந்துக்காரர்களும் உண்டு: கொழும்பில் டச்சுக்காரர்களிடம் கூலிக்கு இருந்து, 1795ல் ஆங்கிலேயரிடம் மாறி, 1799ல் இந்தச் சுவரை ஏறியவர்கள். அந்தக் குடும்பத்தின் வழிவந்தவர்கள் முன்வந்து 2008ல் கல்லறைகளைச் சீர்செய்தார்கள். அதிகாரிகள், அவர்களுடைய மனைவிமார், கைக்குழந்தைகள். போர் முடிந்து வெகு காலத்துக்குப் பின் செத்தவர்கள் ஏராளம். காரணம் இந்தத் தீவின் காய்ச்சல். அது தாங்காமல் 1809ல் படை மொத்தமும் பெங்களூருக்கு இடம் மாறியது. கண்டோன்மென்ட் அப்படிப் பிறந்ததுதான். மைசூர் பஸ் நிற்கும் இடம் இங்கிருந்து ஐந்து நிமிட நடை.