சயாமுக்குப் போனவர்கள்

தாய்லாந்தின் காஞ்சனபுரிக்கு வரும் சுற்றுலாப் பயணிகள் முதலில் தேடுவது ஒரு பாலத்தை. அவர்களை அங்கே அனுப்பிவைப்பது 1957இல் வெளிவந்த 'தி பிரிட்ஜ் ஆன் த ரிவர் குவாய்' படம். படப்பிடிப்பு நடந்தது தாய்லாந்தில் அல்ல, இலங்கையின் கித்துல்கலையில். உண்மையான பாலம் நின்றதோ மே குளோங் ஆற்றின் மேல். வந்தவர்களெல்லாம் குவாய் நதியைக் கேட்கவே, 1960களில் ஆற்றின் அந்தப் பகுதிக்குக் குவாய் யாய் என்றே பெயர் வைத்துவிட்டார்கள். ஆற்றுக்கே இந்தக் கதியென்றால் மனிதர்களின் ஞாபகம் எம்மாத்திரம்!

அந்தப் பாலம், சயாம் என்று நம்மவர்கள் சொன்ன தாய்லாந்திலிருந்து பர்மாவுக்கு 1942-43இல் ஜப்பான் ராணுவம் போட்ட ரயில் பாதையின் ஒரு பகுதி. பாதையின் நீளம் 415 கிலோமீட்டர். அதில் வேலை வாங்கப்பட்ட போர்க்கைதிகளில் 12,000க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். ஆசியத் தொழிலாளர்களின் சாவு அதைப்போலப் பல மடங்கு. ஜப்பான் பிடித்துவைத்திருந்த மலாயாவின் ரப்பர் தோட்டங்களிலிருந்து போன தமிழர்கள் அவர்களில் ஏராளம். நல்ல கூலி என்று ஆசைகாட்டிக் கூட்டிப்போனார்கள். அது பலிக்காத இடத்தில் ஆள்பிடித்தார்கள்.

கைதிகளிடம் பெயர்ப்பட்டியல் இருந்தது. மருத்துவர்கள் இருந்தார்கள், ஒளித்துவைத்த நாட்குறிப்புகள் இருந்தன. ஆஸ்திரேலிய மருத்துவர் வியரி டன்லப்பின் நாட்குறிப்பு 1986இல் நூலாயிற்று. 1998இல் அந்த ரயில் பாதையில் உள்ள ஹெல்ஃபயர் கணவாயில் அருங்காட்சியகமே திறந்தார்கள். படத்தில் வரும் ஆங்கிலேயக் கர்னல் ஜப்பானியருக்கு ஆசையாசையாய்ப் பாலம் கட்டுகிறாரே, 'எங்கள் கர்னல் அப்படிப்பட்டவர் அல்ல' என்று முன்னாள் கைதிகள் சண்டைக்கு வந்தார்கள். சண்டை போட அவர்களிடம் காகிதம் இருந்தது.

தோட்டத் தமிழனுக்கு அதுவும் இல்லை. காலரா கண்ட கூலி முகாம்களில் பிணங்களைக் குழியில் தள்ளினார்கள், அல்லது எரித்தார்கள். வீட்டில் மிஞ்சியது ஒரே பேச்சு: "சயாமுக்குப் போனார், திரும்பி வரல." எந்த முகாம், எந்த மாதம் என்று அறியாத பேரனுக்கு அந்த வெற்றிடத்தை நிரப்பிக்கொடுப்பது சினிமாதான். காட்டை வெட்டி, மண் சுமந்து செத்த தாத்தா அவன் மனதில் பாலம் கட்டியவர் ஆகிவிடுகிறார். இதைப் பேரனின் குற்றம் என்று நான் சொல்லமாட்டேன். எழுதப்படாத குடும்ப ஞாபகம், எழுதப்பட்ட வரலாற்றின் சட்டையைத்தான் மாட்டிக்கொள்ளும்.

ஜப்பான்காரன் காலத்தில் சிறுபிள்ளைகளாக இருந்தவர்கள் இன்று எண்பத்தைந்தைத் தாண்டியிருப்பார்கள். உங்கள் உறவில் அப்படி ஒருவர் இருந்தால் இந்த வாரமே போய்ப் பாருங்கள். போனவரின் பெயர், தோட்டத்தின் பெயர், கூடப் போனவர்கள் யார் யார் என்று கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். அவர் தயங்கினாலும், சொல்வது முன்னுக்குப்பின் முரணாக இருந்தாலும், திருத்தாமல் அப்படியே எழுதுங்கள்.